எய்தவனும் அம்பும்: வெப்ஸ்ரர் நாடகத்திற் கொலையும் பழியும்

ஆங்கில நாடக இலக்கியத்தைப் பயில்வோரிடையே நெடுங்காலமாக வேரூன்றி நிற்கும் ஒரு கருத்தை மறுப்பதற்காகவே இக்கட்டுரையை எழுதுகிறோம். முதலாம் ஜேம்ஸ் மன்னன் ஆட்சி புரிந்த 1603 முதல் 1625 வரையுள்ள ஆண்டுகளில் இலண்டன் அரங்குகளில் ஆடப்பெற்ற பழிவாங்கல் நாடகங்கள், மனித உள்ளத்தின் அடியாழத்தில் என்றென்றும் உறையும் தீமையைச் சித்திரிப்பவை என்பதே அக்கருத்து. காலமும் இடமும் கடந்த தீமை; காரணமில்லாத தீமை; ஆகவே தீர்வுமில்லாத தீமை! இக்கூற்றைத் தலைமுறை தலைமுறையாக மாணவர்கள் மனனஞ் செய்து பரீட்சைத் தாளில் ஒப்புவித்து வந்திருக்கின்றனர்.

இதற்கு எதிர்முனையில் நிற்போர் நமது நண்பர்களுட் சிலர். இந்நாடகங்கள் அழுகிப்போன பிரபுத்துவத்தின் நச்சுப் பூக்கள் என்றும், இரத்தத்தையும் பிணத்தையும் காட்டிப் பணம் பறித்த அரங்கச் சரக்குகள் என்றும், உழைக்கும் மக்களுக்கு இவற்றால் எள்ளளவும் பயனில்லை என்றும் அவர்கள் ஒரே வீச்சில் ஒதுக்கிவிடுகின்றனர். முன்னவர் நாடகத்தைக் கோயிலில் வைத்துப் பூட்டுகின்றனர். பின்னவர் குப்பையில் எறிகின்றனர். இரு சாராரும் செய்யாத ஒன்று உண்டு. அவர்கள் நாடகத்தைப் படிப்பதில்லை.

ஜோன் வெப்ஸ்ரர் எழுதிய 'மால்பிக் கோமகள்' என்ற துன்பியல் நாடகத்தை எடுத்துக்கொள்வோம். 1614ஆம் ஆண்டு முடிவதற்கு முன்னரே அரங்கேறி, 1623இல் அச்சேறிய நாடகம் இது. இதில் வரும் கொலைகளை யார் செய்விக்கிறார்கள், யார் செய்கிறார்கள், யார் கூலி கொடுக்கிறார்கள், யார் தண்டனை பெறுகிறார்கள் என்ற நான்கு கேள்விகளைக் கேட்டுப் பார்த்தாற் போதும். மனித உள்ளத்தின் மர்மம் என்று நமக்குச் சொல்லப்பட்டது அதிகாரத்தின் நடைமுறை என்பது வெட்டவெளிச்சமாகும்.

கதை இதுதான். இளம் விதவையான மால்பிக் கோமகளுக்குச் சகோதரர் இருவர். ஒருவன் கலாப்ரியாவின் கோமகனான பேர்டினன்ட். அவளுடன் இரட்டையாகப் பிறந்தவன். மற்றவன் திருச்சபையின் கர்தினால். அவள் மறுமணம் செய்யலாகாது என்று இருவரும் ஆணையிடுகின்றனர். அவளோ தன் அரண்மனைக் கணக்கு வழக்குகளைப் பார்க்கும் காரியஸ்தனான அன்ரோனியோவைத் தானே விரும்பி, இரகசியமாக மணந்து, மூன்று குழந்தைகளுக்குத் தாயாகிறாள். சகோதரர் அவள் வீட்டில் ஒற்றனாக வைத்த போசோலா இதனைக் கண்டறிந்து காட்டிக்கொடுக்கிறான். மூத்த மகனுடன் அன்ரோனியோ மிலானுக்குத் தப்பியோடுகிறான். கோமகள் சிறைப்பட்டுச் சித்திரவதைக்கு உள்ளாகி, தோழி கரியோலாவுடனும் எஞ்சிய இரு குழந்தைகளுடனும் கழுத்து நெரிக்கப்பட்டு மடிகிறாள். கொலையை நடத்திவைத்த போசோலாவே பின்னர் மனம் மாறிப் பழிவாங்கப் புறப்படுகிறான். நாடகம் முடியும்போது பத்துப் பேர் பிணமாகியிருக்கின்றனர்.

கோமகளின் இறப்பு நான்காம் அங்கத்திலேயே நிகழ்ந்துவிடுகிறது. பழிவாங்கலுக்கென ஓர் அங்கம் முழுவதும் எஞ்சியிருக்கிறது. இவ்வமைப்பைக் குறையென்று சொன்னவர் பலர். இப்சனை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்துப் புகழ் பெற்ற வில்லியம் ஆச்சர் இந்நாடகத்தைக் கடுமையாகத் தாக்கினார். பேர்ணாட் ஷோ, மெழுகுப் பொம்மைக் காட்சிசாலைக்கு ஏற்ற கவிராயர் என்ற பொருள்பட வெப்ஸ்ரரை எள்ளி நகையாடினார். மறுபுறத்தில், 1808இல் சாள்ஸ் லாம் இந்நாடகத்தின் சில பகுதிகளைத் தேர்ந்தெடுத்து வானளாவப் புகழ்ந்தார். பழித்தவரும் புகழ்ந்தவரும் ஒன்றில் ஒத்துப்போயினர். அவர்கள் கண்ணிற் பட்டது பயங்கரம் ஒன்றுதான். அப்பயங்கரத்தின் கணக்குப் புத்தகத்தை எவரும் புரட்டிப் பார்க்கவில்லை.

வெப்ஸ்ரர் அதைத் திறந்தே வைத்திருக்கிறார். நாடகத்தின் முதற் காட்சியை நோக்குக. பிரான்சிலிருந்து திரும்பிய அன்ரோனியோ, தன் அரண்மனையில் மண்டிக் கிடந்த முகத்துதிக்காரரை விரட்டிய பிரெஞ்சு மன்னனைப் பாராட்டுகிறான். அரசவையை ஓர் ஊற்றுக்கு ஒப்பிட்டு, தலையூற்றில் நஞ்சு கலந்தால் நாடெங்கும் சாவும் நோயும் பரவும் என்கிறான். ஒரு கொலையும் நிகழுமுன், ஒரு துளி இரத்தமும் சிந்துமுன், நாடகாசிரியர் தமது முடிபைச் சொல்லிவிட்டார். நஞ்சு மேலிருந்து கீழே வருகிறது. இதைப் படித்த பின்னரும் தீமை மனித இதயத்தில் ஊறுகிறது என்று எழுதுவோர், ஊற்றைப் பார்க்க மறுத்து, தாகத்தால் நீர் அருந்தியவனைக் குற்றஞ் சாட்டுகின்றனர்.

கொலைக்குக் காரணம் என்ன? இரட்டைச் சகோதரிமீது பேர்டினன்ட் கொண்ட மறைவான காமமே என்று உளவியலை நாடும் விமர்சகர்கள் விளக்குவர். அவனுடைய சொற்களில் அதற்கு இடமுண்டு, நாம் மறுக்கவில்லை. ஆனால் கர்தினாலுக்கு அந்த வெறி எங்கே? அவன் எவ்விதக் கொதிப்புமின்றி, உறையிட்ட கையால் ஓலையில் முத்திரை குத்துபவன்போல, சகோதரியின் அழிவுக்கு உடந்தையாகிறான். தன் இரகசியத்தை அறிந்துகொண்ட காதற்கிழத்தி ஜூலியாவை நஞ்சு தடவிய வேதப்புத்தகத்தை முத்தமிடச் செய்து கொல்கிறான். அந்த நஞ்சுக்கு எந்த உளவியல் விளக்கம் தருவீர்கள்?

பேர்டினன்டின் வாயிலிருந்தே இன்னொரு காரணம் வெளிப்படுகிறது. கோமகளின் பிணத்தைக் கண்டு நிலைகுலைந்த வேளையில், அவள் விதவையாகவே இறந்திருந்தால் அளவற்ற செல்வம் தனக்குக் கிட்டும் என்று எதிர்பார்த்திருந்ததாக அவன் ஒப்புக்கொள்கிறான். அவளுக்கோ முதற் கணவன் வழியில் ஒரு மகன் இருந்ததாக நாடகம் ஓரிடத்திற் கூறுகிறது. எனவே அவன் கணக்கு ஒத்துவராது என்று சில ஆய்வாளர் வாதிடுவர். கணக்கு ஒத்துவருமா என்பதன்று நம் கேள்வி. சகோதரியின் பிணத்தருகே நிற்பவனுக்கு நாவில் வரும் நியாயம் சொத்து என்பதையே நாம் சுட்டுகிறோம். குடும்ப மானம், குலத்தின் தூய்மை என்று முழங்கிய வாய் அது. இரத்தத்தின் தூய்மையைப் பற்றி ஒரு பிரபு பேசும்போதெல்லாம் பெட்டகத்தின் சாவி எங்கே இருக்கிறது என்று விசாரிப்பது நல்லது.

மூன்றாம் அங்கத்தில் லொறெற்றோ திருத்தலத்துக் காட்சி ஒன்றுண்டு. கர்தினால் தன் திருச்சபை உடையைக் களைந்து போர்வீரன் கோலம் பூணுகிறான். பின்னர் கோமகளையும் கணவனையும் குழந்தைகளையும் நாடுகடத்தும் கட்டளை ஊமைக் காட்சியாக நடிக்கப்படுகிறது. இதை இரண்டு யாத்திரிகர் பார்த்துக்கொண்டிருக்கின்றனர். அவர்களுக்குப் பெயரில்லை, பதவியில்லை. அவர்களுள் ஒருவர், விதவையாகிய அவள் வசமிருந்த நாட்டைப் பாப்பரசர் திருச்சபையின் பாதுகாப்பில் எடுத்துக்கொண்டார் என்று தெரிவிக்கிறார். எந்த நீதியின்படி என்று மற்றவர் கேட்கிறார். எந்த நீதியின்படியுமன்று, சகோதரனின் தூண்டுதலால் என்பதே விடை. அரண்மனைக்கு வெளியிலிருந்து வரும் சாதாரண மனிதரின் குரல் இந்நாடகத்தில் மிக அரிது. அது ஒலிக்கும் இடத்தில் நீதியைப் பற்றியே கேட்கிறது. இக்கேள்வியை அரங்கில் வைத்தவரை நாட்டு நடப்பறியாத மரணப் பித்தர் என்பது எவ்வளவு பெரிய அநீதி!

இனிப் போசோலாவிடம் வருவோம். நாடகத்தின் அச்சாணி அவனே. கர்தினாலின் ஏவலால் செய்ததாக நம்பப்பட்ட ஒரு கொலைக்காக ஏழாண்டுகள் கப்பலில் துடுப்பு வலித்த தண்டனைக் கைதி அவன். எய்தவன் செந்நிற ஆடையில் திருப்பீடத்தின் நிழலில் அமர்ந்திருந்தான். அம்பு கடலிற் கிடந்து துருப்பிடித்தது. விடுதலையாகி வந்து, செய்த சேவைக்குரிய கைம்மாறு கேட்கும்போது கர்தினால் முகங்கொடுத்தும் பேசுவதில்லை. இவன் வெறும் முரடனுமல்லன். பதுவாவில் கல்வி பயின்ற அறிஞன். வேலையற்ற பட்டதாரி என்று இன்றைய மொழியில் நாம் சொல்லலாம். பேர்டினன்ட் பொன்னை நீட்டும்போது, யாருடைய கழுத்தை அறுக்கவேண்டும் என்பதே அவனது முதற் கேள்வியாக அமைகிறது. இக்கேள்வியில் இருப்பது இயற்கையான கொடூரமன்று, அனுபவம். பிரபுக்கள் பொன் தரும்போது எதை எதிர்பார்ப்பர் என்பதை அவன் ஏழாண்டு துடுப்பு வலித்துக் கற்றவன்.

கோமகளின் குதிரைப் பந்திக்கு மேற்பார்வையாளன் என்ற பதவி அவனுக்குக் கிடைக்கிறது. ஒற்று வேலைக்கான சம்பளம் அது. இதே போசோலா, அன்ரோனியோ பதவியிழந்தபோது அவனுக்காகப் பரிந்து பேசுகிறான். நேற்றுவரை அன்ரோனியோவைத் துதிபாடிய உத்தியோகத்தர் அனைவரும் இன்று தூற்றுகையில், பிறப்பைவிடத் தகுதியே பெரிது என்று வாதிடுகிறான். அந்த வார்த்தைகளில் உருகித்தான் கோமகள் தன் கணவன் யாரென்ற இரகசியத்தை வெளியிடுகிறாள். ஒரு பிரபுக்குலப் பெண் தகுதிக்காக ஒருவனை மணந்தாள் என்பதைக் கேட்டு, ஆதரவற்ற கற்றோர் பலர் உம்மை வாழ்த்துவர் என்ற பொருள்படப் போசோலா வியக்கிறான். வியந்த மறுகணமே அவளைக் காட்டிக்கொடுப்பது தன் தொழில் என்பதையும் நினைக்கிறான். நெஞ்சு ஒரு பக்கம், கூலி மறுபக்கம். கூலி வெல்கிறது.

கல்வியை மூலதனமாகக் கொண்டு அதிகாரத்தின் வாசலிற் காத்து நிற்கும் அறிவாளியின் கதி இதைவிடக் கூர்மையாக அக்கால ஆங்கில நாடகத்தில் எழுதப்பட்டிருக்கிறதா? இவனை மனித இயல்பின் இருண்ட பாதி என்று சொல்லி மூடிவிடுவது யாருக்கு வசதியானது என்பதை ஆசிரியர்களும் மாணவர்களும் எண்ணிப் பார்க்கவேண்டும்.

கொலை முடிந்ததும் நிகழும் உரையாடலை நாடகத்தின் உச்சம் என்போம். போசோலா கூலி கேட்கிறான். பேர்டினன்டோ, இக்கொலைக்காக உன்னை மன்னிக்கிறேன், அதுவே உனக்குரிய பரிசு என்கிறான். எவருடைய அதிகாரத்தைக் கொண்டு அவளைக் கொன்றாய் என்று வினவுகிறான். உம்முடைய அதிகாரத்தைக் கொண்டு என்கிறான் போசோலா. நானா அவளுக்கு நீதிபதி, எந்த நீதிமன்றம் அவளுக்குத் தீர்ப்பு வழங்கியது என்று அதே பேர்டினன்ட் கேட்கிறான். கொலையைக் கட்டளையிடும்போது அவனுக்குச் சட்டம் வேண்டியிருக்கவில்லை. கூலி கொடுக்கவேண்டிய நேரத்திற் சட்டம் நினைவுக்கு வருகிறது. ஆளும் வர்க்கத்தின் சட்டப் பற்றை இவ்வளவு சுருக்கமாக அம்பலப்படுத்திய காட்சியை மெழுகுப் பொம்மைக் காட்சி என்று ஷோ போன்ற சோஷலிசவாதியே நகைத்தது விந்தையிலும் விந்தை.

இவையெல்லாம் இத்தாலியக் கதையல்லவா, ஜேம்ஸ் மன்னனின் இங்கிலாந்துக்கும் இவற்றுக்கும் என்ன தொடர்பு என்று கேட்கலாம். கதையின் கரு இத்தாலியதே. அமல்பியின் கோமகளாக இருந்த ஜியோவன்னா என்ற பெண்ணின் வரலாற்றை பண்டெல்லோ கதையாக்கினார். அது பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது. ஆனால் இத்தாலிய உடை எதற்காக அணியப்பட்டது? 1605இல் அரங்கேறிய ஒரு நகைச்சுவை நாடகத்தில் மன்னனுடன் வந்த ஸ்கொத்லாந்தினரைக் கேலி செய்தமைக்காக பென் ஜோன்சனும் ஜோர்ஜ் சப்மனும் சிறையிலிடப்பட்டனர். அரண்மனை அதிகாரியின் அனுமதியின்றி எந்த நாடகமும் மேடையேற முடியாது. இந்நிலையில் இலண்டன் அரண்மனையைப் பற்றிப் பேச விரும்பியவன் மால்பிக்கும் மிலானுக்கும் போவதைத் தவிர வேறு வழியில்லை.

அந்த அரண்மனையின் நிலை என்ன? 1611இல் 'பாரனெற்' என்ற புதிய பரம்பரைப் பட்டம் உருவாக்கப்பட்டு 1,095 பவுணுக்கு விற்கப்பட்டது. பிறப்பால் வருவதே பெருமை என்று பறைசாற்றிய அரசு, பெருமைக்கு விலைச்சீட்டு ஒட்டியது. மன்னனின் உறவினளான ஆராபெல்லா ஸ்ரூவட் 1610இல் அனுமதியின்றி இரகசியமாக மணம் புரிந்தாள். அதற்காகத் தடுத்துவைக்கப்பட்டு, தப்பியோட முயன்று பிடிபட்டு, இலண்டன் கோட்டைச் சிறையிலேயே 1615இல் இறந்தாள். பெண்ணின் மணம் அரசின் சொத்து என்ற கொள்கை இத்தாலியருக்கு மட்டும் உரியதன்று.

இவற்றுக்கெல்லாம் சிகரம்போன்றது தோமஸ் ஓவர்பரியின் கொலை. மன்னனின் அன்புக்குரிய ரொபேட் கார் என்பவன் பிரான்சிஸ் ஹவார்ட் என்னும் பிரபுக்குலப் பெண்ணை மணக்க விரும்பினான். அதனை எதிர்த்த நண்பன் ஓவர்பரி கோட்டைச் சிறையிலிடப்பட்டு, 1613 செப்ரெம்பரில் அங்கே நஞ்சினால் இறந்தான். இரண்டாண்டுகள் கழித்து உண்மை கசிந்தது. சிறைக் காவலன் ரிச்சேட் வெஸ்ரன், மருத்துவர் ஒருவரின் விதவையான ஆன் ரேணர், கோட்டையின் பொறுப்பதிகாரியான ஜேர்வஸ் எல்விஸ், நஞ்சு தேடிக்கொடுத்த ஜேம்ஸ் பிராங்ளின் ஆகிய நால்வரும் 1615இல் தூக்கிலிடப்பட்டனர். நால்வரும் ஏவியதைச் செய்தவர் அல்லது செய்ய இடங்கொடுத்தவர். அப்போது சோமசெற் பிரபுவாகவும் சீமாட்டியாகவும் விளங்கிய காரும் அவன் மனைவியும் 1616இல் குற்றவாளிகளாகக் காணப்பட்டு மரண தண்டனை பெற்றனர். ஆனால் மன்னன் அவர்களுக்கு உயிர்ப்பிச்சை அளித்தான். 1622இல் இருவரும் சிறையினின்று வெளியே வந்தனர்.

காலவரிசையைக் கவனியுங்கள். நாடகம் அரங்கேறி ஓராண்டின் பின்னரே வழக்கு வெடித்தது. வெப்ஸ்ரர் செய்தித்தாளைப் பார்த்து எழுதவில்லை. நோயின் போக்கை அறிந்த மருத்துவன் அடுத்த காய்ச்சலை முன்கூட்டிச் சொல்வதுபோல எழுதினார். இலண்டன் நகரில் கோச்சு வண்டி செய்து விற்ற ஒரு தொழில் முதல்வரின் மகன் அவர். பிரபுக்களுக்கு வண்டி செய்து கொடுக்கும் வீட்டிற் பிறந்தவனுக்கு, எந்த வண்டி எந்த வாசலில் எந்த இரவில் நின்றது என்பது தெரியாமலா போகும்?

சோமசெற் தம்பதியர்மீது அரசின் சார்பில் வழக்கு நடத்தியவர் பிரான்சிஸ் பேக்கன். இவர் 1625இல் வெளியிட்ட கட்டுரைத் தொகுதியில் பழிவாங்கலைப் பற்றி ஒரு சிறு கட்டுரை உண்டு. தனிமனிதன் பழிவாங்கத் தொடங்கினால் சட்டத்துக்கு வேலையில்லாமற் போகும். ஆகவே அதனைக் களையெடுக்கவேண்டும் என்பது அவரது வாதம். கேட்பதற்கு நன்றாகவே இருக்கிறது. ஆனால் இந்தப் பேக்கனே நாட்டின் உயர் நீதிபதியாக வீற்றிருந்து, வழக்காளிகளிடம் இலஞ்சம் பெற்றமைக்காக 1621இல் பாராளுமன்றத்தாற் குற்றஞ் சாட்டப்பட்டு, ஒப்புக்கொண்டு, பதவியிழந்தவர். நீதி விலைப்படும் சந்தையில் நின்றுகொண்டு, பழிவாங்காதீர்கள், நீதிமன்றத்துக்குப் போங்கள் என்று ஏழைக்கு உபதேசிப்பது எளிது. பழி என்பது காட்டிலிருந்து வந்த விலங்கன்று. நீதிமன்றத்தின் கதவு சாத்தப்பட்ட இடத்தில், அந்தக் கதவுக்கு வெளியிலேயே அது பிறக்கிறது.

அப்படியாயின் பழிவாங்குவோனை நாம் போற்றவேண்டுமா? இங்கேதான் நம்மவர் சிலரும் தவறுகின்றனர். தனியொருவன் கத்தியெடுத்து கொடுங்கோலனைக் குத்துவதைக் கண்டு கைதட்டி, அதனைப் புரட்சியென்று கொண்டாடும் போக்கு ஒன்றுண்டு. வெப்ஸ்ரர் அந்த மயக்கத்துக்கும் இடமளிக்கவில்லை. ஐந்தாம் அங்கம் தேவையற்ற ஒட்டு என்போர் இதனை உணர்ந்தாரல்லர்.

போசோலாவின் பழிவாங்கல் எப்படி நடைபெறுகிறது? கர்தினாலைக் கொல்ல இருளிற் காத்திருப்பவன், சமாதானம் பேசும் நோக்குடன் அங்கே வந்த அன்ரோனியோவையே குத்திவிடுகிறான். இப்பூமியில் எவனைக் காப்பாற்றவேண்டும் என்று துடித்தானோ அவனே அவன் கையால் மடிகிறான். அடுத்ததாகச் சாகிறவன் கர்தினாலா? அல்லன், அன்ரோனியோவின் வேலைக்காரன். கதவைத் திறந்து உதவியை உள்ளே விட்டுவிடுவான் என்பதற்காகவே அவன் கொல்லப்படுகிறான். அவனுக்குப் பெயர்கூட இல்லை. யாருக்கும் தீங்கு செய்யாதவன் அவன். கோமகளின் பெயரால் எடுக்கப்பட்ட கத்தி, கோமகனையும் கர்தினாலையும் அடையுமுன் ஓர் ஊழியனின் உடலைத் துளைத்துக்கொண்டுதான் செல்கிறது. தனிமனிதப் பழியின் இயல்பு இதுவே. அது இருட்டிற் செய்யப்படுவது. இருட்டிற் செய்வதால் ஆளை அடையாளங் காண்பதில்லை.

கர்தினாலின் முடிவும் நோக்கத்தக்கது. இரவிற் கூக்குரல் கேட்டாலும் வரவேண்டாம், நானே உங்களைச் சோதிப்பதற்காகக் கத்தக்கூடும் என்று அவன் தன் சுற்றத்தாருக்கு முன்னரே சொல்லிவைத்திருக்கிறான். கொலையை மறைப்பதற்காகச் செய்த ஏற்பாடு அது. கத்தி நெஞ்சில் இறங்கும்போது அவன் அலறுகிறான். மேல்மாடத்தில் நிற்பவர் நடிக்கிறான் என்று சிரிக்கின்றனர். பொய்யினால் ஆண்டவன் தன் உயிருக்காகச் சொன்ன ஒரே உண்மையை எவரும் நம்பவில்லை. இதனை விதியென்று சொல்லிக் கடவுள்மேற் போடத் தேவையில்லை. அவன் தானே கட்டிய வீடு அது. அதன் கதவுகளைத் தானே பூட்டினான்.

விமர்சகர்கள் கவனியாத இன்னொரு சாவு உண்டு. கோமகள் கழுத்தைக் கயிற்றுக்கு நீட்டும்போது காட்டும் கம்பீரத்தைப் புகழாதவர் இல்லை, நாமும் புகழ்கிறோம். ஆனால் தோழி கரியோலா சாக மறுக்கிறாள். தனக்குத் திருமணம் நிச்சயமாகியிருக்கிறது என்கிறாள், விசாரணை வேண்டும் என்கிறாள், தான் கருவுற்றிருப்பதாகச் சொல்கிறாள், கடிக்கிறாள், பிறாண்டுகிறாள். எசமானியின் வீரத்துக்கு எதிரே பணிப்பெண்ணின் கோழைத்தனம் என்று இதற்குக் குறிப்பு எழுதுவோர் உளர். அந்தோ, என்ன நாகரிகமான வாசிப்பு! பட்டமும் பெருமையும் பெற்ற ஒருத்தி தன் பெருமையோடு இறக்கலாம். இழப்பதற்கு உயிரைத் தவிர வேறெதுவும் இல்லாதவள் அந்த உயிருக்காகப் பல்லாலும் நகத்தாலும் போராடுகிறாள். இந்நாடகத்திற் கொலையாளியை எதிர்த்துக் கைநீட்டிய முதல் மனிதப் பிறவி ஒரு வேலைக்காரி என்பதை நாம் பெருமையுடன் குறிக்கவேண்டும்.

கோமகளின் முன் ஏவப்படும் பைத்தியக்காரர் கூட்டத்தையும் வெறும் பயங்கரக் காட்சி என்பர். அக்கூட்டத்தில் யார் யார் இருக்கின்றனர்? ஒரு வழக்கறிஞன், ஒரு பாதிரி, ஒரு மருத்துவன், புதிய நாகரிக உடைகளை எண்ணி எண்ணிப் புத்தி பேதலித்த ஒரு தையற்காரன், தானியத்தை வெளிநாட்டுக்கு அனுப்பத் தடை வந்ததால் மூளை கலங்கிய ஒரு பண்ணையாளன். இது நரகத்தின் பட்டியலன்று. அன்றைய இலண்டன் சமுதாயத்தின் தொழிற் பட்டியல். உள்நாட்டிற் பட்டினியிருக்கத் தானியத்தை ஏற்றுமதி செய்ய முடியவில்லையே என்று பைத்தியமானவனைக் காட்டும் கலைஞன் மரணத்தை மட்டும் பாடும் கவிஞன் அல்லன்.

நாடகத்தின் குறைகளை நாம் மறைக்கவில்லை. யாத்திரிகர் இருவரின் முணுமுணுப்பைத் தவிர மக்கள் இதில் இல்லை. இறுதியில் டெலியோ என்ற நண்பன் கோமகளின் மூத்த மகனை அழைத்து வந்து தாயின் உரிமையில் அவனை நிலைநாட்டக் கேட்கிறான். பழைய ஊற்றையே தூர்வாரிப் புது நீர் எதிர்பார்க்கும் தீர்வு இது. நல்ல பிரபு வந்தால் நாடு நலம்பெறும் என்பதற்கு அப்பால் வெப்ஸ்ரரின் சிந்தனை செல்லவில்லை. அவர் காலத்தில் அதற்கு அப்பாற் செல்ல வழி காட்டும் சக்தி இன்னும் முழுதாகத் திரளவில்லை. ஆனால் நோயைச் சரியாகக் கூறியவன் மருந்து சொல்லவில்லை என்பதற்காக அவன் கூறிய நோய்க்குறியையும் எறிந்துவிடுவது அறிவுடைமையாகாது. பிரபுத்துவம் அழுகியதைக் காட்டும் நாடகத்தை அழுகல் இலக்கியம் என்று தள்ளும் நண்பர்கள், பிணத்தைக் காட்டிய கையைப் பிணமென்று எண்ணுகின்றனர்.

வரலாறு தன் விடையைப் பின்னர் எழுதியது. 1642இல் உள்நாட்டுப் போர் மூண்டது, அரங்குகளும் மூடப்பட்டன. 1649 ஜனவரியில் ஜேம்ஸ் மன்னனின் மகன் முதலாம் சாள்ஸ் பகிரங்க விசாரணைக்கு உட்படுத்தப்பட்டு, இலண்டனில் மக்கள் பார்த்திருக்க மரண தண்டனை பெற்றான். இருளில் ஒளிந்திருந்து எவரும் அவனைக் குத்தவில்லை. குற்றப்பத்திரம் வாசிக்கப்பட்டது, அவனுக்கு நீதிபதிகள் இருந்தனர். மன்னனையும் ஒரு மன்றத்தின்முன் நிறுத்தலாம் என்பது அன்று நிலைநாட்டப்பட்டது. லொறெற்றோ யாத்திரிகர் எந்த நீதியின்படி என்று கேட்டதை அப்போது ஒரு நாடே உரத்துக் கேட்டது. அந்தப் புரட்சி சொத்துடையோரின் கையிலேயே தங்கிவிட்டது என்பதும், மேலும் செல்ல விரும்பிய சமன்செய்வோரின் கலகத்தை அதே ஆண்டு மே மாதத்தில் குரொம்வெல்லின் படை பேர்போர்ட்டில் நசுக்கியது என்பதும் உண்மையே. எனினும் போசோலாவின் கத்திக்கும் அந்த மன்றத்துக்கும் இடையிலுள்ள தூரந்தான் பழிக்கும் நீதிக்கும் இடையிலுள்ள தூரம்.

ஆகவே இந்நாடகத்தைக் கற்பிக்கும் ஆசிரியர்களிடம் நாம் வேண்டுவது சிறிது. தீமை என்றால் என்ன என்று கேட்டு மாணவரை மயக்கவேண்டாம். கயிற்றை இழுத்தவனுக்கு யார் கட்டளையிட்டார், என்ன கூலி பேசினார், கொடுத்தாரா, தீர்ப்பு நாளில் எங்கே இருந்தார் என்று கேட்கச் சொல்லுங்கள். பரீட்சைத் தாளில் இதற்கு மதிப்பெண் குறையலாம். மாணவருக்கும் ஒன்று சொல்வோம். கல்வி கற்று வெளியேறும் உங்களையும் பொன் நீட்டி அழைக்கும் கைகள் உண்டு. குதிரைப் பந்தி மேற்பார்வை என்று பதவிக்குப் பெயர் சொல்லப்படும், வேலை வேறாயிருக்கும். அந்த வேளையிற் பதுவாவிற் படித்த அந்த அறிஞனை நினையுங்கள். அவன் கூலி கேட்டபோது கிடைத்தது மன்னிப்பு; மனச்சாட்சி விழித்தபோது கையில் எஞ்சியிருந்தது ஒரு கத்தி; அது முதலில் தொட்டது தன் நண்பனின் நெஞ்சை.